காலத்தை வளைக்கும் இரண்டு ஆயுதங்கள்: ரெட் அலர்ட் 2-இன் க்ரோனோஸ்பியரும் லீஜனேரும் காசுக்குத் தகுமா?

ரெட் அலர்ட் 2 என்பது நேசநாட்டுப் படையும் சோவியத் படையும் மோதுகிற கணினிப் போர் விளையாட்டு. அதில் நேசநாட்டுப் படைக்குக் காலத்தை வளைக்கிற ஆயுதங்கள் இரண்டு கிடைக்கின்றன. (இங்கே வரும் டாலரெல்லாம் விளையாட்டுக்குள் இருக்கும் பணம்.) ஒன்று, 2,500 டாலர் கொட்டிக் கட்டுகிற க்ரோனோஸ்பியர்; வாகனங்களை ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்கு நொடியில் தாவ வைக்கிற கட்டடம். மற்றது, காலாட்களைத் தயாரிக்கிற பேரக்ஸில் 1,500 டாலருக்கு எடுக்கிற க்ரோனோ லீஜனேர் என்ற தனி ஆள்; இலக்கைக் காலத்திலிருந்தே மறைய வைப்பவன். முதலாவதைக் கட்டிவிட்டு "இதனால் என்ன பிரயோஜனம்?" என்று கேட்பவர்களும், இரண்டாவதன் விலையைப் பார்த்துவிட்டுத் தொடாமலே விடுபவர்களும்தான் அதிகம். இரண்டுமே தவறு. க்ரோனோஸ்பியரைத் தாக்குதல் ஆயுதம் என்று நினைத்து வாங்கினால் நஷ்டம். எதிரியின் சரக்கைத் தொலைக்கிற ஆயுதம் என்று நினைத்து வாங்கினால் லாபம். லீஜனேரைத் தனியாக ஒருவன் எடுத்தால் வீண். மூன்று பேராக எடுத்தால் அந்தப் பக்கத்திலேயே அதைவிட நல்ல ஆயுதம் இல்லை.

2000-இல் வெஸ்ட்வுட் பசிஃபிக் உருவாக்கிய மூல விளையாட்டையும் 2001-இல் வந்த யூரிஸ் ரிவெஞ்ச் என்ற நீட்சியையும் வைத்துத்தான் இங்கே எல்லாக் கணக்கும். இரண்டிலும் இந்த ஆயுதங்களின் அடிப்படை ஒன்றேதான்.

முதலில் க்ரோனோஸ்பியருக்கு உண்மையில் எவ்வளவு ஆகிறது என்று பார்ப்போம். பட்டியலில் 2,500 என்றுதான் இருக்கும். ஆனால் பேட்டில் லேப் என்ற ஆய்வுக்கூடம் இல்லாமல் அது பட்டியலிலேயே வராது. லேப் 2,000. லேப் வர, விமானங்களுக்கான ஏர்ஃபோர்ஸ் கமாண்டும் டாங்குகளைத் தயாரிக்கிற வார் ஃபேக்டரியும் வேண்டும். முன்னது 1,000, பின்னது 2,000. வார் ஃபேக்டரிக்கு முன்னால் 500-க்கு பேரக்ஸ், 2,000-க்கு தாதுவைப் பணமாக்குகிற ரிஃபைனரி. மின்சாரக் கணக்கு தனி. க்ரோனோஸ்பியர் ஒன்றே 200 யூனிட் தின்னும், லேப் 100, ரிஃபைனரியும் ஏர்ஃபோர்ஸ் கமாண்டும் தலா 50, வார் ஃபேக்டரி 25, பேரக்ஸ் 10. மொத்தம் 435. ஒரு பவர் பிளான்ட் தருவது 200, விலை 800. ஆகவே குறைந்தது மூன்று. இதையெல்லாம் கூட்டினால் 12,400 டாலர். கையில் 10,000-த்தோடு தொடங்குகிற ஆட்டத்தில் இது ஒரு டாங்க் கூட எடுக்காமல் வருகிற தொகை. அதனால் இரண்டாவது ரிஃபைனரி ஓடத் தொடங்கும் முன் க்ரோனோஸ்பியரை நினைக்கவே வேண்டாம். தாது அள்ளுகிற நேசநாட்டு வண்டியான க்ரோனோ மைனர் தாது வயலிலிருந்து ரிஃபைனரிக்குத் தாவி வந்துவிடும் என்பது உண்மைதான். ஆனால் அது ஒரு நடைக்குக் கொண்டு வருவது சோவியத் வார் மைனர் கொண்டு வருவதில் பாதி. தாவுகிற அழகைப் பார்த்து வருமானம் கொட்டுகிறது என்று நம்பிவிடக் கூடாது.

மூன்று பிளான்ட் போட்டால் கணக்கு சரியாக வரும், ஆனால் நான்காவது போடுங்கள். மின்சாரம் பற்றாக்குறையானால் க்ரோனோஸ்பியரின் டைமர் அப்படியே நின்றுவிடும். ஒரு பிளான்டை யாராவது அடித்தாலோ, மின்சாரம் தின்கிற ப்ரிஸம் டவர் என்ற காவல் கோபுரத்தை யோசிக்காமல் கட்டினாலோ, 6 நிமிடம் ஓடிய கடிகாரம் உறைந்து கிடக்கும். திரையில் பவர் பட்டி சிவப்பாவதைக் கவனிக்காமல் "ஏன் இன்னும் தயாராகவில்லை?" என்று காத்திருப்பது புதியவர்களிடம் அடிக்கடி காணும் தவறு. இன்னொரு ஆபத்து ஒற்றன். எதிரியும் நேசநாட்டுப் பக்கம் என்றால், அவனுடைய ஸ்பை ஒருவன் க்ரோனோஸ்பியருக்குள் நுழைந்தால் போதும், டைமர் முழுதாக முதலிலிருந்து தொடங்கும். பக்கத்தில் 200 டாலர் நாய் ஒன்றைக் கட்டிப் போடாமல் 2,500 டாலர் கட்டடத்தை விட்டு வைக்கக் கூடாது.

டைமர் 7 நிமிடம். இதில் மறைவு என்பதே இல்லை. கட்டி முடித்த நொடியில் எல்லாருக்கும் எச்சரிக்கைக் குரல் போகும், கட்டடம் இருக்கும் இடம் எதிரிக்கும் தெரிந்துவிடும், கீழே ஓடுகிற கடிகாரத்தை அவனும் பார்த்துக்கொண்டிருப்பான். 10 நிமிட நியூக்ளியர் மிசைலுக்கும் வெதர் டிவைஸுக்கும் இதே விதிதான். ஆனால் அவற்றுக்கு மறைவு தேவையில்லை; விழுந்தால் விழுந்ததுதான். க்ரோனோஸ்பியரின் பலமே எதிர்பாராத இடத்தில் இறங்குவது. எப்போது என்பது எதிரிக்குத் தெரிந்திருக்கிறது என்றால், எங்கே என்பதை மட்டும்தான் நாம் ஒளித்து வைக்க முடியும். அதனால் டைமர் முடிந்ததும் உடனே அழுத்தாதீர்கள். 0:00 ஆனதும் எதிரி தன் தளமான பேஸுக்குள் டாங்குகளைத் திருப்பிக் காத்திருப்பான். ஒன்றிரண்டு நிமிடம் ஒன்றும் நடக்காவிட்டால் பொறுமை போய் மறுபடி வெளியே அனுப்புவான். அதுதான் நேரம்.

இயக்குவது இரண்டு க்ளிக். முதல் க்ளிக் எங்கிருந்து, இரண்டாவது எங்கே. ஒவ்வொரு க்ளிக்கும் 3-க்கு 3, அதாவது 9 கட்டம். ஒரு கட்டத்துக்கு ஒரு வாகனம் என்றால் அதிகபட்சம் 9. காகிதத்தில் ஒன்பது, நடைமுறையில் ஐந்தோ ஆறோதான் போகும். காரணம் எளிது. ஒன்பது டாங்கையும் ஒன்றாகத் தேர்ந்தெடுத்து ஓர் இடத்தைச் சொன்னால் அவை நெருக்கமாக நிற்காது; அங்கொன்று இங்கொன்றாக இடைவெளி விட்டு நிற்கும். நடுவில் நிற்க வேண்டிய டாங்கை முதலில் தனியாக நிறுத்துங்கள். பிறகு சுற்றியுள்ள எட்டுக் கட்டத்துக்கும் ஒவ்வொரு டாங்காக க்ளிக் செய்து அனுப்புங்கள். அரை நிமிட வேலை, ஆனால் 7 நிமிடம் காத்திருந்ததற்கு அதைச் செய்யத்தான் வேண்டும். மைனர் போகிற பாதையில் இந்த அணிவகுப்பை வைக்காதீர்கள். மைனர் வந்து இடித்துக் கலைத்துவிடும்.

இங்கே எந்த வடிவில் நின்றதோ அதே வடிவில்தான் அங்கே இறங்கும். இறங்கும் இடத்து ஒன்பது கட்டத்தில் ஒன்று தண்ணீராக இருந்தால் அந்தக் கட்டத்து டாங்க் மூழ்கிப் போகும். பாறை விளிம்பு, கட்டட ஓரம் இவற்றையும் விட்டுத் தள்ளி வெறும் தரையைப் பாருங்கள். எதிரி பேஸ் முழுக்கக் கண்ணுக்குத் தெரியாமல் இருட்டில் குத்துமதிப்பாக இறக்குவது சூதாட்டம். 1,500 டாலருக்கு ஸ்பை சாட்டிலைட் கட்டினால் மேப் முழுவதும் திறந்துவிடும். க்ரோனோஸ்பியர் கட்ட முடிவு செய்தவர்கள் அதையும் சேர்த்தே கணக்குப் போட வேண்டும்.

காலாட்படையை இந்த 9 கட்டத்துக்குள் நிற்க விடாதீர்கள். வெளியே நிற்கிற எந்த ஆளும் இந்தத் தாவலில் உயிரோடு போய்ச் சேர மாட்டான். வாகனத்துக்குள் ஏறியிருந்தால் பிழைப்பான். இந்த ஒரு விதியில்தான் க்ரோனோஸ்பியரின் நல்ல உபயோகங்கள் பாதி அடங்கியிருக்கின்றன.

எல்லாரும் முதலில் செய்வது ஒன்பது ப்ரிஸம் டாங்கை எதிரி பேஸின் நடுவில் இறக்குவது. ஒன்றின் விலை 1,200, ஒன்பதுக்கு 10,800. ப்ரிஸம் டாங்கின் பலம் தூரத்திலிருந்து சுடுவது. 10 கட்டத் தூரம் எட்டும். உடம்போ மெல்லியது. அதைக் கொண்டுபோய் மின்னல் பாய்ச்சுகிற டெஸ்லா காயில் கோபுரத்துக்கும் சோவியத் ரைனோ டாங்குக்கும் நடுவில் போட்டால், இரண்டு மூன்று கட்டடத்தை உடைத்துவிட்டு அத்தனையும் சாம்பலாகும். திரும்பி வர வழியில்லை. அடுத்த தாவலுக்கு இன்னும் 7 நிமிடம். ப்ரிஸம் டாங்க்தான் அனுப்புவேன் என்றால் பேஸுக்குள் வேண்டாம். பேஸின் பின்புறம், காவல் இல்லாத பக்கத்தில், முதல் கட்டடத்திலிருந்து பத்துக் கட்டம் தள்ளி இறக்குங்கள். எதிரியின் டாங்குகள் முன்வாசலில் நிற்கும். அவை சுற்றி வருவதற்குள் வேலை பாதி முடிந்திருக்கும்.

இதைவிட நல்லது, எதிரியின் கட்டடத்துக்குள் நுழைந்து அதைக் கைப்பற்றுகிற இன்ஜினியர்களை இறக்குவது. நீரிலும் நிலத்திலும் போகிற 900 டாலர் ஆம்ஃபிபியஸ் டிரான்ஸ்போர்ட் ஒன்றில் 12 பேர் ஏறலாம். ஒரு இன்ஜினியர் 500. ஆறு பேர் போதும் என்று வைத்தால் 3,900-தான் செலவு, அதுவும் ஒன்பதில் ஒரே ஒரு கட்டத்தில். மற்ற எட்டில் 700 டாலர் க்ரிஸ்லி டாங்குகளை நிறுத்துங்கள். அவை சுடுவதற்காக அல்ல, குண்டு வாங்குவதற்காக. இறங்கிய உடனே டிரான்ஸ்போர்ட்டைத் திறந்து முதல் ஆளை, மற்றக் கட்டடங்களையெல்லாம் கட்டித் தருகிற கன்ஸ்ட்ரக்‌ஷன் யார்டுக்கு, இரண்டாமவனை வார் ஃபேக்டரிக்கு, மூன்றாமவனை மின் நிலையத்துக்கு அனுப்புங்கள். எதிரி முழித்துக்கொண்டு விற்கத் தொடங்குவதற்குள் யார்டு கைமாறிவிட்டால், விளையாட்டு ஏறக்குறைய அங்கேயே முடிந்தது. டிரான்ஸ்போர்ட் எடுக்க 1,000 டாலர் நேவல் யார்டு வேண்டும் என்பதை மறந்துவிட வேண்டாம். தண்ணீரே இல்லாத மேப்பில் இந்த வழி இல்லை. அங்கே 600 டாலர் ஐ.எஃப்.வி. என்ற ஏவுகணை வண்டி ஒவ்வொன்றிலும் ஓர் இன்ஜினியரை ஏற்றி அனுப்பலாம். வண்டிக்கு ஒருவன்தான் ஏற முடியும் என்பதால் செலவு கூடும்.

இனி, இந்த ஆயுதம் எதற்காக என்று நான் நினைக்கிறேனோ அது. க்ரோனோஸ்பியர் யாருடைய வாகனம் என்று பார்ப்பதில்லை. முதல் க்ளிக்கை எதிரியின் டாங்குகள் மேல் வையுங்கள். இரண்டாவதைக் கடலில் வையுங்கள். 1,750 டாலர் அபோகலிப்ஸ் டாங்க் நான்கு ஒரே கூட்டமாக வந்துகொண்டிருக்கிறது என்றால், சுடுவதற்கு ஒரு குண்டு கூட இல்லாமல் 7,000 டாலர் சரக்கு தண்ணீருக்குள் போய்விடும். கப்பல் மேப் என்றால் இதன் மறுபக்கம்: 2,000 டாலர் ட்ரெட்நாட் கப்பல்கள் கரையைக் குண்டு மழையால் நொறுக்கிக்கொண்டு நெருக்கமாக நிற்கும்போது அவற்றைத் தூக்கித் தரையில் வையுங்கள். தரையில் கப்பல் நிற்காது. மூன்று ட்ரெட்நாட் போனால் க்ரோனோஸ்பியரின் விலை இரண்டு தடவைக்கு மேல் திரும்பிவிட்டது. நம் பக்கத்தில் எந்தச் சேதமும் இல்லை, ஒரு யூனிட்டையும் பணயம் வைக்கவில்லை. எதிரி ரிஃபைனரி வாசலில் வரிசையில் நிற்கிற வார் மைனர்களும் நல்ல இலக்கு. ஒன்று 1,400. பணம் போவதோடு வருமானமும் நின்றுவிடும்.

இதிலும் பிசகு நடக்கும் இடம் உண்டு. தண்ணீரில் மிதக்கிற வாகனங்கள் மூழ்காது. ஆம்ஃபிபியஸ் டிரான்ஸ்போர்ட்டையோ யூரிஸ் ரிவெஞ்சில் வருகிற ரோபோ டாங்கையோ கடலில் போட்டால் அது பாட்டுக்கு மிதந்து போகும். நகர்ந்துகொண்டிருக்கும் கூட்டத்தைக் குறி வைத்தால் இரண்டு க்ளிக்குக்கும் இடையே அது கட்டத்தை விட்டு வெளியே போயிருக்கும். முதலில் கடல் எங்கே என்று திரையில் தேடி, அந்த இடத்தை ஒரு புக்மார்க்காக வைத்துக்கொள்ளுங்கள். பிறகுதான் முதல் க்ளிக். டாங்குகள் நின்று எதையாவது சுடத் தொடங்கும் வரை பொறுங்கள். நம் வாசலில் 500 டாலர் பில்பாக்ஸ் என்ற காவல் கூண்டு ஒன்றை இரையாக வைத்தால் அவை அதைச் சுற்றி நெருக்கமாக நிற்கும். பில்பாக்ஸுக்கு மின்சாரமும் வேண்டாம்.

தண்ணீரே இல்லாத மேப்பில் என் தீர்ப்பு: க்ரோனோஸ்பியர் வேண்டாம். அந்த 2,500-ஐ, தாதுவைச் சுத்திகரித்து வருமானத்தைக் கூட்டுகிற 'ஓர் ப்யூரிஃபையர்' (Ore Purifier) என்ற கட்டடத்தில் போடுங்கள். விலையும் அதே, மின்சாரமும் அதே 200.

லீஜனேர் வேறு ஜாதி. அவன் கையில் இருக்கும் நியூட்ரான் ரைஃபிள் எதையும் உடைப்பதில்லை. இலக்கைக் காலத்திலிருந்து வெளியே இழுக்கிறது. கதிர் பட்டதும் டெஸ்லா காயில் கண்ணாடி போல மங்கி நடுங்கத் தொடங்கும். அதன் மேல் சுழன்றுகொண்டிருந்த மின்பொறி நின்றுபோகும். சில நொடியில் அங்கே வெறும் தரை. வெடிப்பு இல்லை, புகை இல்லை, இடிபாட்டிலிருந்து ஓடிவருகிற சிப்பாய்களும் இல்லை. கதிர் பட்ட நொடியிலிருந்தே அந்தக் கட்டடம் இயங்காது என்பதுதான் முக்கியம். அழிந்து முடியும் வரை காத்திருக்க வேண்டியதில்லை. பிடித்து வைத்திருந்தாலே அது சுடாது. சொந்தக்காரர் அதை விற்றுக் காசாக்கவும் முடியாது.

காலாள் என்றால் சீக்கிரம் மறைவான், டாங்குக்கு நேரம் கூடும், கன்ஸ்ட்ரக்‌ஷன் யார்டுக்கு மிக நேரம் ஆகும். ஒரே இலக்கை மூன்று பேர் சுட்டால் அதற்கேற்ப வேகம் கூடும். இடையில் சுடுகிறவன் செத்தாலோ, நாம் தவறுதலாக அவனை நகர்த்திவிட்டாலோ, இலக்கு முன்பு இருந்தபடியே முழுதாகத் திரும்பி வந்துவிடும். பாதி அழித்ததற்குப் பாதிப் பலன் என்பது இதில் கிடையாது. ஒருவனை மட்டும் அனுப்பினால் தோற்பதற்கு இதுதான் காரணம். யார்டை ஒருவன் அழித்து முடிக்கிற நேரத்தில் ஏதோ ஒரு நாய் அவனைக் கண்டுபிடித்துவிடும். மூன்று பேருக்கு 4,500. குறைவான தொகையல்ல. ஆனால் மூன்றாவது ஆளை எடுக்கும் வரை முதல் இருவரை பேஸிலேயே வைத்திருங்கள்.

இன்னொரு தவறு, லீஜனேரோடு சேர்த்து டாங்குகளையும் அனுப்புவது. காலத்தில் உறைந்த இலக்கை வேறு எந்தக் குண்டும் தொடாது. ப்ரிஸம் டாங்க் சுட்டுக்கொண்டிருக்கிற கட்டடத்தை லீஜனேரும் பிடித்தால், ப்ரிஸம் டாங்கின் வேலை முழுக்க வீண். அவர்கள் தனியாகப் போகட்டும். டாங்குகள் முன்வாசலைத் தட்டட்டும், இவர்கள் கொல்லைப்புறத்தில் வேலையைப் பார்க்கட்டும்.

அவர்கள் நடப்பதில்லை, எங்கே சொன்னாலும் தாவுகிறார்கள். ஆறு, மலை எதுவும் தடையில்லை. ஆனால் தாவி இறங்கியதும் உடம்பு மங்கலாக, அசையாமல், சுடமுடியாமல் நிற்கும். அந்த நேரத்தில் எதிரி குண்டு அவர்கள்மேல் படும். எவ்வளவு தூரம் தாவினார்களோ அவ்வளவு நேரம் இந்த மயக்கம். மேப்பின் இந்த மூலையிலிருந்து அந்த மூலை பேஸுக்குள் நேராக அனுப்பினால் அவர்கள் கண் விழிப்பதே இல்லை. தொலைவிலிருந்து ஓர் எதிரிக் கட்டடத்தைத் தாக்கச் சொல்லி ஒரே க்ளிக்கில் அனுப்பினாலும் இதே கதிதான்.

எனவே இரண்டு தாவலாகப் பிரியுங்கள். முதல் தாவல், எதிரி பேஸுக்கு வெளியே, யாரும் போகாத ஒரு மூலைக்கு. அங்கே முழுதாகத் தெளியும் வரை நிற்கட்டும். இரண்டாவது தாவல் சில கட்டங்கள் மட்டும், இலக்கிலிருந்து 5 கட்டத்துக்குள். ரைஃபிளின் எட்டு அவ்வளவுதான். குறுகிய தாவல் என்பதால் மயக்கம் கண நேரம்தான் இருக்கும். மூவரையும் கன்ட்ரோல் விசையோடு ஓர் எண்ணை அழுத்திக் குழுவாக்கி வைத்திருந்தால் மூன்று பேரும் ஒரே இலக்கைப் பிடிப்பார்கள். இல்லாவிட்டால் சும்மா நிற்கும்போது ஒவ்வொருவனும் பக்கத்தில் எது தெரிகிறதோ அதைப் பிடித்துக்கொண்டு நிற்பான்.

சோவியத் பேஸ் என்றால் முதல் இலக்கு மின்சாரம். 1,000 டாலர் நியூக்ளியர் ரியாக்டர் ஒன்றே 2,000 யூனிட் தருகிறது என்பதால் பெரும்பாலானோர் எல்லாவற்றையும் அந்த ஒன்றில் தொங்கவிட்டிருப்பார்கள். டாங்கால் அடித்து உடைத்தால் அது வெடித்துச் சுற்றிலும் கதிர்வீச்சைக் கொட்டும். லீஜனேர் அழித்தால் வெடிப்பில்லாமல் மறையும், உங்கள் ஆட்களும் பத்திரம். ரியாக்டர் போனால் டெஸ்லா காயில்கள் செத்துவிடும். ஆனால் காயில் பக்கத்தில் டெஸ்லா ட்ரூப்பர்கள் நின்று மின்னேற்றிக்கொண்டிருந்தால் மின்சாரம் போனபிறகும் அது சுடும். ஆகவே காயில் பக்கம் போகும் முன் அங்கே நீலக் கதிரோடு ஆட்கள் நிற்கிறார்களா என்று பாருங்கள். சென்ட்ரி கன்னுக்கு மின்சாரமே தேவையில்லை. அது காலாட்களுக்கு எமன். அதன் பார்வையில் இறங்க வேண்டாம்.

யூரிஸ் ரிவெஞ்சில் வருகிற மூன்றாவது தரப்பான யூரியின் பக்கத்தில் ஸ்லேவ் மைனர் கண்ணில் பட்டால் விடாதீர்கள். ரிஃபைனரியும் மைனரும் ஒன்றாக இருக்கிற வாகனம் அது. ஒன்றை அழித்தால் இரண்டு வேலை. ஆனால் யூரி க்ளோன் எங்கே நிற்கிறான் என்று பார்த்துவிட்டுப் போங்கள். லீஜனேரின் மனதை அவன் பிடித்துவிட்டால் அந்த ரைஃபிள் உங்கள் பக்கம் திரும்பும்.

வானத்தில் பறப்பதை இவர்களால் ஒன்றும் செய்ய முடியாது. குண்டு போடுகிற சோவியத் ஆகாயக் கப்பலான கிரோவ் தலைக்கு மேல் வந்தால் தாவி ஓடுவதுதான் வழி.

வண்டியில் ஏற்றுவதும் நல்ல வழி. ஐ.எஃப்.வி.-யில் லீஜனேரை ஏற்றினால் அதன் ஏவுகணைக்குப் பதிலாக அதே அழிக்கும் கதிர் வந்துவிடும். தாவல் போய்விடும், மயக்கமும் போய்விடும். நாய் கடிக்காது. மொத்தம் 2,100 டாலர். தன் பேஸைக் காக்க இதைத்தான் நான் பரிந்துரைப்பேன். அபோகலிப்ஸ் ஒன்று வாசலில் வந்தால் அதைப் பிடித்து உறைய வைக்க இரண்டு ஐ.எஃப்.வி. போதும். டெமாலிஷன் டிரக் என்ற வெடிகுண்டு வண்டி ஓடி வந்தாலும் அதை வெடிக்காமல் மறைய வைக்கலாம். யூரிஸ் ரிவெஞ்சில் 2,000 டாலர் பேட்டில் ஃபோர்ட்ரஸில் ஐந்து பேரை ஏற்றி உள்ளிருந்தே சுடலாம். ஐந்து லீஜனேர் என்றால் 7,500, வண்டியோடு 9,500. பணம் வழிகிற ஆட்டத்துக்கு மட்டும்.

தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டிய உபாயம் ஒன்று உண்டு. உறைந்த பொருளை வேறு எதுவும் தொடாது என்றோம் அல்லவா, அது உங்கள் பொருளுக்கும் பொருந்தும். எதிரியின் மிசைல் கிளம்பிவிட்டது, குறி உங்கள் கன்ஸ்ட்ரக்‌ஷன் யார்டு என்றால், லீஜனேரைத் தேர்ந்தெடுத்து கன்ட்ரோல் விசையை அழுத்திக்கொண்டு உங்கள் யார்டையே க்ளிக் செய்யுங்கள். யார்டு உறையும், குண்டு விழும், யார்டு நிற்கும். விழுந்து முடிந்த உடனே எஸ் விசையை அழுத்தி நிறுத்த வேண்டும். சுடுகிறவன் 5 கட்டத்துக்குள் நிற்பதால் அவன் போய்விடக்கூடும். அந்த 1,500-ஐக் கணக்கில் எழுதிவிடுங்கள், யார்டை மறுபடி கொண்டுவர, யார்டாக விரிகிற எம்.சி.வி. வண்டி 3,000. இதற்கு ஒரே ஒருவன் போதும். மூன்று பேரை விட்டால் குண்டு வந்து சேர்வதற்குள் யார்டு நம் கையாலேயே காணாமல் போகும் ஆபத்து இருக்கிறது. டைமர் ஓடும்போதே சுடத் தொடங்கிவிட வேண்டாம். ஏவப்பட்ட எச்சரிக்கை கேட்டபிறகு சுட்டால் போதும்.

எதிர்ப்பக்கத்தில் இருந்து லீஜனேரைச் சமாளிக்க நேர்பவர்களுக்கு: உங்கள் கட்டடம் ஒன்று மங்கலாகத் தெரிந்தால் அதிலிருந்து ஐந்து கட்டத்துக்குள் ஒருவன் நிற்கிறான். நாயை அங்கே விடுங்கள். அவனைக் கொன்றால் கட்டடம் ஒரு கீறல் இல்லாமல் திரும்பிவிடும். அதனால்தான் ஒவ்வொரு மின் நிலையத்தின் பக்கத்திலும் ஒரு நாய் என்பது 200 டாலருக்குக் கிடைக்கிற நல்ல காப்பீடு. மூல விளையாட்டில் சோவியத் பக்கம் சைக்கிக் சென்சர் என்ற கட்டடம் கட்டியிருந்தால், தாக்க வருபவர்கள் எதைக் குறி வைக்கிறார்கள் என்பது முன்கூட்டியே தெரிந்துவிடும்.

காலத்திலிருந்தே துடைத்தெறிகிற ஆயுதம் என்று கதை சொல்கிறது. ஆனால் அழிக்கப்பட்ட டாங்க் அதுவரை உடைத்த கட்டடங்கள் திரும்ப வருவதில்லை. அது இருந்ததே இல்லை என்று காலம் திருத்தப்படுவதில்லை. ஆகவே தாமதமாக அழிப்பதில் பலன் குறைவு. ஆட்டத்தின் நடுப்பகுதியில் மின்சாரத்தையும் மைனரையும் குறி வைக்கும்போதுதான் இவன் விலை தேறுகிறது.

1996-இல் வந்த முதல் ரெட் அலர்ட்டின் க்ரோனோஸ்பியரை நினைவில் வைத்து விளையாடுபவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அதில் ஒரே ஒரு வாகனம்தான் போகும், சற்று நேரத்தில் புறப்பட்ட இடத்துக்கே திரும்பிவிடும். இரண்டாம் பாகத்தில் போனது போனதுதான். மூன்றாம் பாகத்தைப் பற்றி இங்கே பேசவில்லை. அதில் க்ரோனோ லீஜனேரே கிடையாது.

இப்போது வாங்குவது எளிது. 2024 மார்ச்சிலிருந்து இந்த வரிசை முழுவதும் ஸ்டீமில் ஒரே தொகுப்பாகக் கிடைக்கிறது. இணையத்தில் மற்றவர்களோடு விளையாட சி.என்.சி.நெட் என்ற இலவச சேவை இருக்கிறது. அங்கே அறை தொடங்கும் முன் சூப்பர் வெப்பன்ஸ் என்ற தேர்வு எப்படி இருக்கிறது என்று பார்த்துவிட்டுத் திட்டம் போடுங்கள்.

3-க்கு 3 அடுக்கிப் பழக ஒவ்வொரு தடவையும் 7 நிமிடம் காத்திருக்க வேண்டியதில்லை. விளையாட்டின் ரூல்ஸ் கோப்பின் நகலொன்றை விளையாட்டுக் கோப்புறையில் வைத்து, க்ரோனோஸ்பியர் பகுதியில் ரீசார்ஜ் டைம் என்ற வரியில் இருக்கும் 7-ஐ 1 ஆக்குங்கள். கணினியோடு ஸ்கர்மிஷ் ஆட்டத்தில், கரையோர மேப் ஒன்றில், ஓர் அரை மணி நேரம் எதிரி டாங்குகளைக் கடலில் போட்டுப் பழகுங்கள். மற்றவர்களோடு இணைய ஆட்டத்துக்குப் போகும் முன் அந்த நகலை நீக்கிவிட வேண்டும். கோப்பு மற்றவர்களுடையதோடு பொருந்தாவிட்டால் ஆட்டம் நடுவிலேயே அறுந்துவிடும்.